கையெழுத்துப் போடச் சொல்கிறார்கள், போடலாமா?

நீங்கள் எழுதியிருப்பதைச் சுருக்கமாகச் சொன்னால் இவ்வளவுதான். உங்கள் அண்ணன் தமிழ்நாடு அரசுத் துறை ஒன்றில் ஜீப் டிரைவர். வயது 44, சர்வீஸ் 17 வருடம். சர்க்கரை நோயால் புண் ஆறாமல் போய் வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். மெடிக்கல் போர்டு 'அன்ஃபிட்' என்று எழுதிவிட்டது. பணியிலிருந்து ஏன் விடுவிக்கக் கூடாது என்று கேட்டு மெமோ வந்திருக்கிறது. கூடவே அலுவலகத்தில் வாய்வார்த்தையாக ஒரு யோசனையும் சொல்லியிருக்கிறார்கள்: "விருப்ப ஓய்வு கேட்டு நீங்களே ஒரு லெட்டர் கொடுத்துடுங்க, வீட்டம்மாவுக்கு வேலை போட்டுத் தந்துடலாம்." இப்படி அனுப்ப அவர்களுக்கு அதிகாரம் உண்டா என்று கேட்டிருக்கிறீர்கள். கேள்வியின் கடைசி இரண்டு வரியைப் பார்த்தால், உங்கள் வீட்டில் இப்போது ஓடிக்கொண்டிருக்கும் பேச்சு அந்த லெட்டரில் கையெழுத்துப் போடலாமா என்பதுதான் என்று தெரிகிறது. போட வேண்டாம். ஏன் என்பதைச் சொல்லத்தான் கொஞ்சம் இடம் வேண்டும்.

நான் வக்கீல் இல்லை. அரசு அலுவலகத்தில், ஊழியர்களின் நியமனம், விடுப்பு, ஓய்வு எல்லாம் பார்க்கும் எஸ்டாபிளிஷ்மென்ட் செக்‌ஷனில் உதவியாளராக இருந்து, கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றவன். உங்கள் அண்ணனுக்கு வந்திருப்பது போன்ற மெமோக்களுக்கு டிராஃப்ட் போட்ட கை இது. கோப்பு மேசையை விட்டுக் கிளம்பும் முன் அதில் என்னென்ன எழுதப்படும் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். கோர்ட் சமாசாரம், தீர்ப்புகளைப் படித்தும் சங்கத்துக்காக வக்கீல்களின் படியேறி இறங்கியும் தெரிந்துகொண்டது.

சந்தேகத்துக்கு இடமில்லாத பகுதி முதலில். மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டம், 2016. நடைமுறைக்கு வந்தது 2017 ஏப்ரல் 19. அதில் 20-ஆம் பிரிவின் 4-ஆம் உட்பிரிவைத் தேடிப் படியுங்கள். பணியில் இருக்கும்போது குறைபாடு ஏற்பட்ட ஊழியரை எந்த அரசு நிறுவனமும் வேலையை விட்டு அனுப்பக் கூடாது, பதவியைக் குறைக்கவும் கூடாது. பார்த்துவந்த வேலைக்கு அவர் இனி ஒத்துவர மாட்டார் என்றால், அதே சம்பள விகிதத்தில், அதே பணிப் பயன்களோடு வேறு பணிக்கு மாற்ற வேண்டும். எந்தப் பணியிலும் அமர்த்த வழியில்லை என்றால், பொருத்தமான இடம் கிடைக்கும்வரையோ ஓய்வு பெறும் வயதுவரையோ, எது முதலில் வருகிறதோ அதுவரை, உபரிப் பணியிடத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். ஃபைலில் இதை 'சூப்பர்நியூமரரி போஸ்ட்' என்று எழுதுவார்கள். அனுமதிக்கப்பட்ட எண்ணிக்கைக்கு மேல் அந்த ஒருவருக்காக உண்டாக்கி, அவரோடு முடிந்துபோகும் இடம் அது. ஆகவே "காலி இடம் இல்லையே, என்ன செய்ய?" என்று யாராவது கையை விரித்தால், அந்தக் கேள்விக்குச் சட்டமே பதில் எழுதி வைத்திருக்கிறது. இதெல்லாம் புதிதும் இல்லை. இதற்கு முன் இருந்த 1995-ஆம் வருட மாற்றுத்திறனாளிகள் சட்டத்தின் 47-ஆம் பிரிவு கிட்டத்தட்ட இதே வாசகம்தான். பழைய ஆட்கள் இன்னும் 'செக்‌ஷன் 47' என்றே சொல்வார்கள், குழம்ப வேண்டாம்.

இப்போது அந்த 'அன்ஃபிட்' என்ற சொல்லைக் கவனியுங்கள். எதற்கு அன்ஃபிட்? மெடிக்கல் போர்டு அறிக்கையின் நகலை வாங்கி, அந்த ஒரு வரியை மட்டும் நாலு தடவை படியுங்கள். 'ஓட்டுநர் பணிக்குத் தகுதியற்றவர்' என்று இருக்கலாம். 'எவ்விதப் பணிக்கும் நிரந்தரமாகத் தகுதியற்றவர்' என்றும் இருக்கலாம். இரண்டுக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம். மத்திய அரசின் ஓய்வூதிய விதிகளில் இதற்கென்று இருக்கும் படிவத்திலேயே இரண்டு வாசகம் உண்டு. இனி எந்த வேலையும் முடியாது என்பது ஒன்று, இதைவிடச் சிரமம் குறைந்த வேலை என்றால் பார்க்கலாம் என்பது இன்னொன்று. மூன்று டாக்டர்கள் உட்கார்ந்து ஒரு நாளில் பத்திருபது பேரைப் பார்க்கும்போது, இரண்டாவது வாசகம் ஒன்று இருப்பதே பல நேரம் மறந்துபோகும். டிரைவர், கால் இல்லை, அன்ஃபிட், அடுத்த ஆள். அவ்வளவுதான். கீழே செக்‌ஷனில் இருப்பவர் அதை 'இனி அரசுப் பணிக்கே தகுதியற்றவர்' என்று நோட்டில் மாற்றி எழுதுவார். கெட்ட எண்ணத்தில் இல்லை, பழைய கோப்பில் அப்படி இருந்தது என்பதால்.

பழைய கோப்பு என்றதும் என்னுடையதையே சொல்லிவிடுகிறேன். 1998 வாக்கில் எங்கள் அலுவலக டிரைவர் ஒருவருக்குக் கண்பார்வை போய்விட்டது. ஓய்வூதிய விதியை எடுத்து வைத்து, இயலாமை ஓய்வூதியத்தில் அனுப்பலாம் என்று நோட் போட்டது நான்தான். 1995 சட்டம் அமலுக்கு வந்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. எனக்குத் தெரியாது, கையெழுத்துப் போட்ட மேலதிகாரிக்கும் தெரியாது. பாஸ் ஆன கோப்பைக் கட்டி ரெக்கார்டு ரூமுக்கு அனுப்பினோம். வருடங்கள் கழித்து, ஓய்வூதியர் நேர்காணலுக்குக் கருவூலத்துக்குப் போயிருந்தபோது, மகளின் தோளைப் பிடித்தபடி அவர் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். என் குரலைக் கேட்டதும் எழுந்து நின்று "சார், நல்லா இருக்கீங்களா" என்றார். அதற்குள் எனக்கு அந்தச் சட்டம் தெரிந்திருந்தது. இந்த விஷயத்தில் யார் கேட்டாலும் உட்கார்ந்து நீளமாக எழுதுகிறேன் என்றால், அந்தக் கோப்புதான் காரணம்.

சரி, போர்டு 'எவ்விதப் பணிக்கும் தகுதியற்றவர்' என்றே எழுதியிருந்தால் கதை முடிந்ததா? இல்லை. உச்ச நீதிமன்றத்தின் குணால் சிங் வழக்கு, 2003. மத்திய அரசின் பாதுகாப்புப் படை ஒன்றில் காவலர், அவருக்கும் கால் போனதுதான் பிரச்சினை. மருத்துவச் சான்றின்பேரில் அனுப்பிவிட்டு, இயலாமை ஓய்வூதியமும் கொடுத்துவிட்டார்கள். ஓய்வூதியம் வாங்குகிறாரே, அப்புறம் என்ன உரிமை என்பது அரசின் வாதம். கோர்ட் ஏற்கவில்லை. ஓய்வூதிய விதி ஒரு பக்கம், 47-ஆம் பிரிவு இன்னொரு பக்கம்; விதியில் ஓய்வூதியம் கிடைக்கிறது என்பதற்காகச் சட்டம் கொடுத்த பாதுகாப்பைப் பறிக்க முடியாது என்று சொல்லி, வேறு பணியில் அமர்த்தச் சொன்னது. உங்கள் அண்ணன் விஷயத்துக்கு இதைவிடப் பக்கத்தில் வரும் தீர்ப்பு எனக்குத் தெரிந்து இல்லை. வக்கீலிடம் போகும்போது இந்தப் பெயரை ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதி எடுத்துக்கொண்டு போங்கள்.

அடுத்தது அந்த லெட்டர். இதற்கும் ஒரு தீர்ப்பு உண்டு, படித்தால் உங்கள் வீட்டுக் கதை மாதிரியே இருக்கும். பகவான் தாஸ் வழக்கு, 2008. பஞ்சாப் மின்வாரியத்தில் உதவி லைன்மேன், பணியில் இருக்கும்போதே பார்வை முழுக்கப் போனது. தன்னை ஓய்வில் அனுப்பிவிட்டு மனைவிக்கு வேலை கொடுங்கள் என்று எழுதிக் கொடுத்தார். வாரியம் அதில் முதல் பாதியை மட்டும் எடுத்துக்கொண்டு விருப்ப ஓய்வு என்று முடித்துவிட்டது. மனைவிக்கு வேலை இல்லை. உச்ச நீதிமன்றம் கடுமையாகப் பேசிய வழக்கு இது. திடீரென்று கண்ணிழந்து நிற்கும் ஒரு கடைநிலை ஊழியருக்கு அவருடைய உரிமை என்ன என்று எடுத்துச் சொல்வது மேலதிகாரிகளின் கடமை. அதை விட்டுவிட்டு அவர் கடிதத்தில் ஒரு வரியைப் பிய்த்தெடுத்து வெளியேற்றினார்கள் என்றது. அவர் ஜெயித்தார். ஜெயிக்க டெல்லிவரை போக வேண்டியிருந்தது. அண்ணன் இன்னும் கையெழுத்துப் போடவில்லை என்பதால் அந்த அலைச்சல் மிச்சம்.

உங்கள் அண்ணனுக்கு இன்னொரு கண்ணியும் இருக்கிறது, அதை அலுவலகத்தில் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். தமிழ்நாட்டில் விருப்ப ஓய்வுக்கு 20 வருடத் தகுதியான சர்வீஸ் வேண்டும், அல்லது 50 வயது ஆகியிருக்க வேண்டும். அவருக்கு இரண்டும் இல்லை. 17 வருடம், 44 வயது. அப்படியென்றால் அவர் எழுதிக் கொடுக்கும் லெட்டர் எதுவாக மாறும்? 'பணியை விட்டு விலக விரும்புகிறேன்' என்ற வாசகம் அதில் எங்காவது இருந்தால் ராஜினாமா என்று எடுத்துக்கொள்ள இடம் இருக்கிறது. ராஜினாமா என்றால் அதுவரை செய்த சர்வீஸ் கணக்கில் இருந்து போய்விடும். அந்த யோசனையைச் சொன்னவர் இவ்வளவு தூரம் யோசித்திருப்பார் என்று நான் நினைக்கவில்லை. கோப்பு சீக்கிரம் முடிய வேண்டும், அவ்வளவுதான் அவருக்கு.

மனைவிக்கு வேலை என்பதைப் பற்றியும் நேராகச் சொல்லிவிடுகிறேன். கருணை அடிப்படையிலான நியமனம் உரிமை கிடையாது, அது ஒரு விதிவிலக்கு என்று உச்ச நீதிமன்றம் 1994-லேயே சொல்லி, அதற்குப் பிறகும் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. வாய்ச்சொல்லாக 'போட்டுத் தரலாம்' என்பவர் அடுத்த மாதம் மாற்றலாகிப் போய்விடலாம். அவருக்குப் பின்னால் வருபவர் குடும்ப வருமானம், வயது, கல்வித் தகுதி, வரிசைப் பட்டியல் என்று கேட்கத் தொடங்குவார். தமிழ்நாட்டில் ஓய்வு வயது 60. கையில் இருக்கும் 16 வருடச் சம்பளத்தைக் கொடுத்துவிட்டு, வருமா வராதா என்று தெரியாத ஒன்றை வாங்கச் சொல்கிறார்கள்.

வேறு பணி கொடுத்தால் சம்பளம் என்ன ஆகும் என்று அண்ணி கேட்டதாக எழுதியிருக்கிறீர்கள். அடிப்படைச் சம்பளம், சம்பள விகிதம், ஆண்டு ஊதிய உயர்வு இவை குறையக் கூடாது. இது உறுதி. பதிவறையில் உட்கார வைத்தாலும், ஸ்டோரில் உட்கார வைத்தாலும், டிரைவருக்கு உரிய சம்பளமே வர வேண்டும். பதிவறை எழுத்தரின் விகிதத்துக்கு இறக்கி ஆணை போட்டால் அது சட்டப்படி பதவிக் குறைப்பு, உடனே ஆட்சேபணை எழுதுங்கள். வண்டி ஓட்டினால்தான் கிடைக்கும் படிகள், கூடுதல் நேரப் பணம் மாதிரியானவை வேறு கணக்கு. அவை தொடரும் என்று எதிர்பார்க்காதீர்கள். பதவி உயர்வில் புதிய பணியின் சீனியாரிட்டி பட்டியலில் எங்கே வைப்பார்கள் என்பதிலும் வழக்குக்கு வழக்கு பதில் மாறுகிறது. இப்போதைக்கு அதைக் கிளற வேண்டாம், முதலில் வேலை நிலைக்கட்டும்.

அடுத்து, மாற்றுத்திறனாளி சர்டிபிகேட்டில் குறைபாட்டின் அளவு 40 சதவீதம் இருந்தால்தான் இதெல்லாம் பொருந்துமா என்று கேட்டீர்கள். 40 சதவீதம் என்பது வேலைவாய்ப்பில் 4 சதவீத இடஒதுக்கீடு போன்றவற்றுக்கான அளவுகோல். 20-ஆம் பிரிவின் வாசகத்தில் 'ஒரு குறைபாடு' என்றுதான் இருக்கிறது, சதவீதம் இல்லை. 2021-இல் விகாஷ் குமார் வழக்கில், தேர்வெழுத உதவியாளர் கேட்ட ஒரு தேர்வர் விஷயத்தில், அந்த 40 சதவீதக் கோட்டை எல்லா உரிமைக்கும் இழுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது. முழங்காலுக்குக் கீழே கால் எடுத்தவருக்கு அந்தச் சந்தேகம் பெரும்பாலும் எழாது. ஆனாலும் சான்றிதழும் யுடிஐடி என்கிற மாற்றுத்திறனாளி அடையாள அட்டையும் இன்னும் வாங்கவில்லை என்றால் இந்த வாரமே மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்துக்குப் போய்விடுங்கள். கோர்ட்டில் அது முதல் காகிதம்.

உண்மையில் இழுபறியாக இருக்கும் இடங்கள் வேறு. சட்டத்தின் அட்டவணையில் 21 வகைக் குறைபாடுகள் இருக்கின்றன. அதில் பெயர் இல்லாத ஒன்றால் வேலை போனால்? மாரடைப்பு வந்தவர், சிறுநீரகம் செயலிழந்தவர் எல்லாம் இந்த வரிசையில் வருகிறார்கள். அவர்களுக்கு வழி அடைத்துவிட்டது என்று சொல்ல முடியாது, அண்ணனைப் போல நேர்வழி என்றும் சொல்ல முடியாது. நிறக்குருடு இதற்கு நல்ல உதாரணம். அது பட்டியலில் இல்லை. ஆனாலும் 2006-இல் தமிழ்நாடு அரசுப் போக்குவரத்துக் கழக மதுரை ஓட்டுநர் ஒருவர் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் மாற்றுப்பணி கொடுக்கச் சொன்னது. 2023-இல் நம் மின்வாரியத்துக்கு உதவிப் பொறியாளராகத் தேர்வாகி, நிறக்குருடு என்று திருப்பி அனுப்பப்பட்டவருக்கு உச்ச நீதிமன்றம் வேலை வாங்கிக் கொடுத்தது. 2025 ஆகஸ்டில் தெலங்கானா போக்குவரத்துக் கழக டிரைவர் வழக்கிலும் அப்படித்தான். நிறம் தெரியாததால் டிரைவராக இருக்க முடியாது என்பதோடு நிர்வாகத்தின் வேலை முடிந்துவிடாது, மாற்றுப்பணி இருக்கிறதா என்று உண்மையாகத் தேடிப் பார்த்திருக்க வேண்டும் என்றது. இவர்கள் எல்லோரும் ஜெயித்தவர்கள்தான், ஆனால் ஒவ்வொருவரும் பல வருடம் நடந்து ஜெயித்தவர்கள்.

தற்காலிக ஊழியர், ஒப்பந்த ஊழியர் என்றாலும் வாதம் பலவீனமாகும். ஒப்பந்தக் காலம் முடிந்தது, குறைபாட்டுக்காக அனுப்பவில்லை என்று ஒரே வரியில் பதில் வரும். உங்கள் அண்ணனின் நியமன ஆணை முறையான பணியமர்த்தலா, தகுதிகாண் பருவம் முடித்த ஆணை இருக்கிறதா என்று பணிப்பதிவேட்டில் பார்த்துக்கொள்ளுங்கள். 17 வருடம் என்றால் இருக்கும். மத்திய ஆயுதப்படைகளின் படைவீரர்களுக்கு விலக்களித்து 2021 ஆகஸ்டில் மத்திய அரசு அறிவிக்கை வெளியிட்டிருக்கிறது, சட்டமே அப்படி விலக்களிக்க இடம் கொடுக்கிறது. தனியார் கம்பெனி ஊழியருக்கு 20-ஆம் பிரிவு இல்லை. இதையெல்லாம் சொல்வது, இந்தப் பதிலைப் படித்துவிட்டு வேறு யாராவது தன் நிலைமைக்கு அப்படியே பொருத்திப் பார்த்துவிடக் கூடாது என்பதற்காக.

மனநலம் சம்பந்தப்பட்ட ஒன்றையும் சேர்த்துச் சொல்கிறேன், ஏனென்றால் அங்கே 'மெடிக்கல் அன்ஃபிட்' என்று வராது, 'ஒழுங்கு நடவடிக்கை' என்று வரும். மத்திய ரிசர்வ் போலீஸ் அதிகாரி ஒருவர், மன அழுத்த நோய்க்குச் சிகிச்சையில் இருந்தவர். அவர் நடத்தையைக் காட்டி விசாரணை தொடங்கினார்கள். 2021 டிசம்பரில் தாரிவால் வழக்கில், நடத்தைக்கு நோயும் ஒரு காரணம் என்றால் போதும், அது மட்டுமே காரணமாக இருக்கத் தேவையில்லை என்று சொல்லி அந்த நடவடிக்கையை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. படைக்கு விலக்கு இருந்தும், மாற்றுப்பணியில் சம்பளத்தைக் காப்பாற்றிக் கொடுக்கச் சொன்னது.

உடல் குறைபாட்டிலும் இந்தப் பின்வாசல் உண்டு, அதுதான் எனக்கு இப்போது கவலை. ஆஸ்பத்திரியில் இருந்த நாட்களுக்கு லீவு லெட்டர் ஒழுங்காகக் கொடுத்தாரா? கொடுக்காவிட்டால், மருத்துவக் காரணத்துக்காக அனுப்ப முடியாது என்று தெரிந்ததும், 'அனுமதியின்றிப் பணிக்கு வராமை' என்று ஒழுங்கு நடவடிக்கை விதி 17(பி)-யில் குற்றச்சாட்டுக் குறிப்பாணை வரும். பார்த்திருக்கிறேன். ஆகவே அட்மிட் ஆன நாளிலிருந்து இன்றுவரை ஒரு நாளும் விடாமல், ஈட்டிய விடுப்பு, மருத்துவச் சான்றின்பேரில் ஈட்டா விடுப்பு என்று எது கையிருப்பில் இருக்கிறதோ அதைக் கேட்டு, டிஸ்சார்ஜ் சம்மரியோடு விண்ணப்பம் கொடுங்கள். கையில் கொடுத்தால் தபால் பிரிவில் சீல் வாங்குங்கள். வாங்க மறுத்தால் ஸ்பீட் போஸ்ட்.

மெமோவுக்குப் பதில் ஒரு பக்கம் போதும். அழுது எழுத வேண்டாம், குழந்தைகள் படிப்பு, கடன் எல்லாம் அங்கே வேண்டாம். நான் எழுதினால் இப்படி எழுதுவேன்: 'பணிக்காலத்தில் எனக்கு ஏற்பட்ட குறைபாட்டினால் ஓட்டுநர் பணியைத் தொடர இயலாத நிலையில் உள்ளேன். மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டம், 2016, பிரிவு 20(4)-இன்படி, அதே ஊதிய விகிதத்தில் மாற்றுப்பணி வழங்குமாறும், காலியிடம் இல்லாத நிலையில் உபரிப் பணியிடத்தில் அமர்த்துமாறும் கேட்டுக்கொள்கிறேன். நான் விருப்ப ஓய்வோ பணி விலகலோ கோரவில்லை.' அந்தக் கடைசி வாக்கியத்தை விட்டுவிடாதீர்கள். அவரால் செய்ய முடிகிற வேலைகளையும் பெயர் சொல்லி எழுதுங்கள்: பதிவறை, தபால் பிரிவு, டெலிபோன், வாகன லாக்புக் பராமரிப்பு. 17 வருடம் வண்டி ஓட்டியவருக்கு டீசல் கணக்கும் ஸ்பேர் கணக்கும் தெரியாமலா இருக்கும்? செக்‌ஷனில் நோட் எழுதுபவருக்கு அது ஒரு பிடி கொடுக்கும். 'பொருத்தமான பணி எதுவும் இல்லை' என்று எழுத அவர் பேனா கொஞ்சம் தயங்கும்.

ஒவ்வொரு அரசு நிறுவனத்திலும் இதற்கென்று குறைதீர் அலுவலர் ஒருவர் நியமிக்கப்பட்டிருக்க வேண்டும் என்பது 23-ஆம் பிரிவு. புகார் கொடுத்தால் இரண்டு வாரத்துக்குள் விசாரிக்க வேண்டும். உங்கள் அலுவலகத்தில் யார் என்று கேட்டால் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள். பரவாயில்லை, எழுத்தில் கேட்டு வையுங்கள். சென்னையில் மாற்றுத்திறனாளிகளுக்கான மாநில ஆணையரிடமும் மனு கொடுக்கலாம், செலவில்லாத வழி. ஆனால் ஒன்று: ஆணையரால் இடைக்காலத் தடை போட முடியாது என்று 2010-இல் உச்ச நீதிமன்றம் ஒரு வங்கி அதிகாரி வழக்கில் சொல்லியிருக்கிறது. ஆகவே விடுவிப்பு ஆணை இன்றோ நாளையோ வரும் என்று தெரிந்தால் ஆணையரிடம் மனு போட்டுவிட்டுக் காத்திருக்கக் கூடாது. மாநில அரசு ஊழியர் என்பதால் நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, உங்கள் மாவட்டத்தைப் பொறுத்து சென்னை அல்லது மதுரைக் கிளை. மத்திய அரசு ஊழியராக இருந்தால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம், அங்கே ஒரு வருடக் காலக்கெடுவும் உண்டு. வக்கீல் செலவை நினைத்துத் தயங்க வேண்டாம். 1987-ஆம் வருடச் சட்டப்பணிகள் ஆணையங்கள் சட்டப்படி, மாற்றுத்திறனாளிக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசமாக வக்கீல் வைத்துத் தர வேண்டும். மாவட்ட கோர்ட் வளாகத்திலேயே அலுவலகம் இருக்கும்.

மெடிக்கல் போர்டு அறிக்கையையும் நியமன ஆணையையும் நான் பார்க்கவில்லை. மேலே சொன்னதெல்லாம் நீங்கள் எழுதியதை வைத்துச் சொன்னது. அறிக்கை நகல் கேட்டுக் கொடுக்கவில்லை என்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் அண்ணன் பெயரிலேயே விண்ணப்பம் போடுங்கள். அதற்கு ஒரு மாதம் ஆகலாம், அதற்காக மெமோவின் பதிலைத் தள்ளிப்போடாதீர்கள். மெமோவில் எத்தனை நாள் அவகாசம் என்று நீங்கள் எழுதவில்லை. அந்தத் தேதியை இப்போதே எடுத்துப் பாருங்கள். முடிந்துபோயிருந்தால் இன்னும் 15 நாள் அவகாசம் கேட்டு இன்றே ஒரு கடிதம் போகட்டும்.